சம்பந்தி வரும் நேரத்தில் கத்திய மிஷின்

"பீப்... பீப்... பீப்..."

திலகா கோழிக்கறிச் சட்டியை அடுப்பில் நங்கென்று வைத்தாள். "தோ, ஆரம்பிச்சிட்ச்சி! இன்னிக்குப் பாத்தா இது கத்தணும்?"

சென்ற வாரம் விட்ட இடம் ஞாபகம் இருக்கிறதா? ஓரிக்கையில் இருக்கிற ஜான் தன் மகள் ஷாரோனுக்கு போன் செய்து, "சனிக்கிழமை மதியம் சாப்பாட்டுக்கு வர்றேன்" என்றாரே, அந்தச் சனிக்கிழமைதான் இது. ஷாரோன் சந்தோஷத்தில் போனை அணைக்கக்கூட மறந்து அழுதாளே, அந்த ஷாரோன்தான் இப்போது அடுப்படியில் உட்கார்ந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருக்கிறாள். இப்போதும் கண்ணில் தண்ணீர். இந்தத் தடவை வெங்காயத்தால்.

பழைய வாசகர்களுக்குத் தெரியும். புதிதாக வந்தவர்களுக்காகச் சொல்கிறேன். ஜான் லோடு வண்டி டிரைவர், சர்ச்சில் மூப்பர். அவருடைய ஒரே மகள், ஏனாத்தூரில் ஒரு காலேஜ் ஆபீசில் வேலை பார்க்கிறவள், உத்திரமேரூர் ரிஜிஸ்தர் ஆபீசில் வைத்து திலகாவின் மகன் வசந்த்குமாருக்கு மாலை போட்டுவிட்டாள். அன்றைக்கு மூடிய வாயை ஜான் வெகுநாள் திறக்கவில்லை. ஆயுதபூஜைக்குக் கொஞ்சம் முன்னால்தான், வண்டியில் ஒரு புது வாஷிங் மிஷினை ஏற்றிக்கொண்டு வந்து வாசலில் இறக்கினார். "வேலைக்கும் போயிட்டு வந்து கையால தொவைக்காதம்மா" என்று மகளிடம் ஒரே ஒரு வார்த்தை சொல்லிவிட்டு, வீட்டுக்குள் வராமல் திரும்பிப் போய்விட்டார்.

அவர் மனைவி சுகிர்தா அதற்கும் மேல். மகள் பேரைப் பார்த்தால் போனை எடுக்கவே மாட்டாள்.

ஆகையால், இன்றைய சாப்பாடு நல்லபடியாக நடந்தால் ஷாரோனுக்குப் பிறந்த வீடு திரும்பக் கிடைக்கும். ஏதாவது ஏடாகூடமானால் ஜான் எழுந்து போவார், அப்புறம் யார் கூப்பிட்டாலும் வரமாட்டார். மாமியார் திலகாவுக்கு இது நன்றாகத் தெரியும். போனில் அம்மா படத்தைப் பார்த்துவிட்டு ஷாரோன் சத்தமில்லாமல் மூக்கைத் துடைத்துக்கொள்வதை அவள் எத்தனையோ தடவை பார்த்திருக்கிறாள்.

இந்த நேரம் பார்த்து, ஜான் கொடுத்த மிஷின் பின்பக்கத் தகர ஷெட்டில் நின்றுகொண்டு ஊரைக் கூட்டுகிறது.

"இன்னாடா சொல்லுது?" என்றார் திலகாவின் கணவர் வேதகிரி, லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு.

வசந்த்குமார் ஒரு கையில் போனும் இன்னொரு கையில் சோப்பு நுரையுமாக நின்றான். போனில் ஓடிய வீடியோவில் யாரோ ஒருவர் வாஷிங் மிஷின் வைத்தியம் சொல்லிக்கொண்டிருந்தார்.

"கசக்குது நைனா, அலசுது. புழியப் போறப்பதான் டமடமன்னு ஆடி நின்னுடுது. அப்புறம் திரும்பத் தண்ணி புடிக்குது. திரும்ப ஆடுது. திரும்ப பீப்பு."

"அப்ப என் வேட்டி?"

"உள்ள கீது."

"எப்ப வரும்?"

"அதையே கேளு."

வேதகிரிக்கு சென்ட்ரிங் வேலை. பலகை அடித்து, சிமென்ட்டில் புரளுகிற உடம்பு. வெள்ளை வேட்டி என்று அவரிடம் இருப்பது ஒன்றே ஒன்று, மகன் கல்யாணத்துக்கு எடுத்தது. சம்பந்தி முதல் முறையாக வீட்டுக்குள் வருகிறாரே என்று, போர்வையோடு சேர்த்துக் காலையில் அவரே மிஷினில் போட்டார். வெளியே ஐப்பசி மழை. கையால் பிழிந்து கொடியில் போட்டால் அடுத்த வாரம்தான் காயும்.

"யாருய்யா உன்னைப் போர்வையோட போடச் சொன்னது?" என்று திலகா உள்ளிருந்து கத்தினாள்.

"ஒரே வேலையா முடியட்டும்னு போட்டேன்டி. மிஷினுக்கு இன்னா, போர்வையும் வேட்டியும் ஒண்ணுதானே?"

வசந்த்குமார் போர்வையை வெளியே எடுத்துப் பார்த்தான். போர்வையை உள்ளே போட்டு வேட்டியை வெளியே எடுத்துப் பார்த்தான். துணியைப் பந்தாகச் சுருட்டாமல் வட்டமாகப் பரப்பிப் பார்த்தான். பிளக்கைப் பிடுங்கி, ஊதி, மறுபடி செருகினான். தண்ணீர்க் குழாயைக் கழற்றி வலையைத் தட்டினால் அரை டம்ளர் மணல் கொட்டியது. "புடிச்சிட்டேன்! இதான் கோளாறு!" என்று துள்ளிக் குதித்தான். மிஷின் பொறுமையாகத் தண்ணீர் பிடித்து, அலசி, பிழிய ஆரம்பித்து, டமடமவென்று ஆடி நின்றது.

"பீப்... பீப்... பீப்..."

"அடச்சே! பேஜாரா பூட்ச்சி!"

வேதகிரி வந்து மிஷின் தலையில் ஓங்கி ஒன்று வைத்தார். அந்தக் காலத்து டிவிக்கு வைக்கிற அடி. மிஷின் ஒரு நொடி வாயை மூடியது. அவர் மீசையைத் தடவுவதற்குள் இன்னும் வேகமாகக் கத்தியது.

"மாமா, அதை அடிக்காதீங்க. அப்பா பாவம்" என்றாள் ஷாரோன், ஏதோ அப்பாவையே அடித்தது மாதிரி.

கடைசியில் வசந்த்குமார் பஜாரில் ரிப்பேர்க் கடை வைத்திருக்கிற வஹாபுக்கு போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தான்.

"வசந்து, நான் நிக்காஹ் வூட்ல கீறேன்பா, பிரியாணி எறக்கினு கீறாங்க. சாயங்காலம்தான் வருவேன். புழியறப்ப ஆடுதா? அப்ப காலைப் பாரு. நாலு காலும் தரையில சமமா குந்திக்கினு கீதா பாரு. எதுனா ஒண்ணு தூக்கிக்கினு இருந்தா அப்பிடித்தான் கத்தும்."

அடுப்படியில் கரண்டி கீழே விழுந்தது.

"சமமாத்தான் கீது! நல்லா குந்திக்கினு கீது! அதெல்லாம் பாக்க வாணாம்!" என்று திலகா கத்திய வேகத்தில், போனில் இருந்த வஹாபே, "சரிம்மா, சரிம்மா" என்று வைத்துவிட்டார்.

எதற்கு இந்தப் பதற்றம்? சொல்கிறேன். எனக்கும் உங்களுக்கும் திலகாவுக்கும் வேதகிரிக்கும் மட்டும் தெரிந்ததாக இருக்கட்டும்.

ஆயுதபூஜை அன்று வசந்த்குமாரும் ஷாரோனும் வெளியூர் போயிருந்தார்கள். திலகா கதிர் அரிவாளுக்குப் பொட்டு வைத்தாள். வேதகிரியின் சுத்தியலுக்கும் ரம்பத்துக்கும் வைத்தாள். மிக்சி, கிரைண்டர், மகனுடைய பைக், ஒன்றையும் விடவில்லை. புது மிஷின் மட்டும் மொட்டை நெற்றியோடு நின்றது. ஷாரோன் அப்பா கொடுத்தது, அவர்கள் வேறு வழிபாட்டுக்காரர்கள், தொடக்கூடாது என்று புத்தி சொன்னது. வீட்டுக்கு வந்த முதல் வாஷிங் மிஷினை எப்படி அப்படியே விடுவது என்று மனசு அடித்துக்கொண்டது. மனசு ஜெயித்தது. யார் கண்ணிலும் படாமல் மிஷினுக்குப் பின்பக்கம், சுவர் ஓரமாக, சந்தனம் தடவி அகலமாக ஒரு குங்குமப் பொட்டு.

அதோடு நின்றிருந்தால் இந்த அத்தியாயமே இல்லை. பைக் சக்கரத்துக்கு எலுமிச்சம்பழம் வைத்தபோது ஒரு பழம் மிஞ்சியது. திலகா மிஷினைப் பார்த்தாள். அதற்கும் கால்கள் இருக்கின்றன. ஓடுகிறது என்றுதான் அதையும் சொல்கிறோம். "யோவ், கொஞ்சம் தூக்கிப் புடி" என்றாள். வேதகிரி தூக்கினார். பின்கால் ஒன்றின் அடியில் பழத்தைத் தள்ளினாள். பைக் என்றால் ஏறி நசுக்கிக்கொண்டு போகும். இது எங்கே போகும்? "ஆடுற ஆட்டத்துல அதுவே நசுங்கிடும்" என்று இருவரும் முடிவு செய்துகொண்டார்கள். நசுங்காத பழத்தை நடுவில் எடுக்கக்கூடாது என்று எடுக்கவும் இல்லை, நாளடைவில் மறந்தும் போனார்கள்.

வஹாப் சொன்ன பிறகுதான் திலகாவுக்குச் சுரீர் என்றது. கணவனை விறகு அடுக்கின் பக்கம் இழுத்துக்கொண்டு போனாள்.

"யோவ், அந்தப் பழந்தான்யா!"

"எந்தப் பழம்?"

"உன் தலை! பின்கால்ல வெச்சமே, அது. வந்து தூக்கு, எடுத்துடலாம்."

"புள்ள அங்கயே நட்டுக்கினு நிக்கிறானே. பேசாம உண்மையச் சொல்லிடு திலகா."

"எப்பிடிய்யா சொல்லுவேன்? அவங்கப்பன் ஆசையா குடுத்ததுல திருட்டுத்தனமா பொட்டு வெச்சி, பழம் வெச்சி, நானே கெடுத்துட்டேன்னா? அந்த மனுசன் இன்னிக்குத்தான் நம்ப வூட்டுப் படி ஏறப் போறாரு. காரியத்தக் கெடுத்துடாத. இரு, வசந்த்தை அப்பளம் வாங்க அனுப்பறேன்."

அப்பளம் வீட்டில் ஒரு கட்டு இருந்தது. அதைத் திலகா அரிசி டப்பாவுக்குள் ஒளித்துவிட்டு, "டேய் வசந்து!" என்று வாயைத் திறந்தாள். தெருக்கோடியில் லோடு வண்டியின் ஹாரன் அடித்தது.

"அய்யய்யோ!"

ஜான் வெள்ளைச் சட்டை, வெள்ளை வேட்டி, கையில் சாத்துக்குடிப் பையோடு குடையை மடக்கிக்கொண்டு உள்ளே வந்தார். லுங்கியில் இருந்த வேதகிரி கதவுக்குப் பின்னால் பாதியும் வெளியே பாதியுமாக நின்று, "வாங்க சம்மந்தி, வாங்க" என்று கும்பிட்டார்.

ஷாரோன் அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டாள். அவர் முதுகுக்குப் பின்னால் எட்டிப் பார்த்தாள்.

"அம்மா வரலியாப்பா?"

"வந்துகீறா. வண்டியில குந்திக்கினு கீறா. எறங்க மாட்டேங்கறா."

ஷாரோன் வாசலுக்குப் பாய்ந்தாள். ஜான் தடுத்தார். "வாணாம்மா. நீ போனா இன்னும் முறுக்கிக்குவா. வண்டில ஏறி வந்ததே பெரிய விசயம். அவளுக்கே தோணணும். பத்து நிமிசத்துல வந்துடறேன்னு சொல்லிட்டு வந்துகீறேன்."

திலகா வாசல் பக்கம் எட்டிப் பார்த்தாள். அந்தம்மா தெருமுனை வரை வந்துவிட்டாள். இன்னும் நாலு எட்டு வைத்தால் வீடு. கடவுளே, எல்லாம் ஒழுங்காக நடக்கட்டும்.

"பீப்... பீப்... பீப்..."

ஜான் காதைத் தீட்டினார். "அது இன்னா சத்தம்?"

"பக்கத்து வூட்டு போனு!" என்றாள் திலகா.

"கேஸ் வண்டி!" என்றார் வேதகிரி.

"வேன் ரிவர்ஸ் எடுக்கறாங்க மாமா" என்றான் வசந்த்குமார்.

மூன்று பேரும் ஒரே நேரத்தில் சொன்னார்கள். ஜான் மூன்று பேரையும் பார்த்தார். பிறகு மகளைப் பார்த்தார். ஷாரோனுக்குப் பொய் வராது, தலையைக் குனிந்துகொண்டாள்.

"நான் குடுத்த மிஷினா?"

அவர் கேட்டுக்கொண்டே பின்பக்கம் நடந்தார். குடும்பமே பின்னால் ஓடியது. திலகா முன்னே போய் மிஷினை மறைத்துக்கொண்டு நின்றாள். "வஹாப் பாய் சாயங்காலம் வர்றாருங்க. நீங்க சாப்பிட வாங்க. கறி ஆறுது."

"இரும்மா. நான் வாங்கிக் குடுத்தது. நான் பாக்கறேன்."

ஜான் சட்டைக் கையைச் சுருட்டினார். வண்டிக்காரர் கண்ணுக்கு வஹாப் சொல்லித் தெரியவேண்டியதில்லை. மிஷின் தலையில் கை வைத்து அப்படியும் இப்படியும் அசைத்தார். "பின்னால தூக்கிக்கினு கீதே" என்றபடி, இரண்டு கையாலும் பிடித்து மிஷினை அப்படியே முன்னால் இழுத்துத் திருப்பினார்.

சுவர் ஓரத்திலிருந்து கறுத்து வற்றிய ஓர் எலுமிச்சம்பழம் உருண்டு வந்து அவர் காலடியில் நின்றது. மிஷின் முதுகில் சந்தனமும் குங்குமமும் பளிச்சென்று தெரிந்தன.

திலகா முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டாள். மறைக்க இனி ஒன்றும் இல்லை.

"நான்தான் வெச்சேங்க. ஷாரோனுக்குத் தெரியாது. எம்புள்ளைக்கும் தெரியாது. எங்க வூட்டுக்கு வந்த மொத வாஷிங் மிஷினு, அதுக்கு ஒண்ணும் ஆவக் கூடாதுன்னு வெச்சேன். உங்ககிட்டயோ உங்க பொண்ணுகிட்டயோ கேக்காம வெச்சது தப்பு. திட்டறதுன்னா என்னைத் திட்டிக்குங்க. இதை மனசுல வெச்சிக்கினு அந்தப் பொண்ணை மட்டும் மறுபடி வுட்டுட்டுப் பூடாதீங்க. அது உங்களுக்காக ஏங்கிப் பூட்ச்சிங்க."

"தூக்கிப் புடிச்சது நானு" என்றார் வேதகிரி, லுங்கியை இறக்கிவிட்டு, குற்றத்தில் தன் பங்கை வாங்கிக்கொள்ள முன்னே வந்து.

ஜான் குனிந்து பழத்தை எடுத்தார். திருப்பித் திருப்பிப் பார்த்தார். முகர்ந்தும் பார்த்தார். அவர் தோள் குலுங்கியது. அழுகிறார் என்றே திலகா நினைத்தாள்.

அவர் சிரித்துக்கொண்டிருந்தார். முதலில் அடக்கிச் சிரித்தார். பிறகு அடக்க முடியாமல், சுவரில் கை ஊன்றிக்கொண்டு, தகர ஷெட் அதிரச் சிரித்தார்.

"ஏம்மா... பழத்த வெச்சா வண்டிய ஏத்தி நசுக்கணும்! சும்மா முட்டுக் குடுத்து வெச்சா அது எங்கருந்து ஓடும்?"

யாருக்கும் ஒன்றும் புரியவில்லை. ஜான் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"நான் ஓட்டறது எங்க ஓனரு வண்டி. வருசாவருசம் ஆயுதபூஜைக்கு நாலு சக்கரத்துக்கும் பழம் வெப்பாரு. வெச்சிட்டு என் மூஞ்சியப் பாப்பாரு, நான் இன்னா சொல்லுவேனோன்னு. நான் ஸ்டீரிங்கப் புடிச்சிக்கினு என் ஜெபத்தப் பண்ணுவேன், வண்டிய எடுப்பேன். அவரு வெச்சது அவரு அன்பு. எனக்கு இன்னா போச்சி?" என்றவர் கறுத்த பழத்தைத் தூக்கிக் காட்டினார். "இது காஞ்சி கல்லாட்டம் கீது தங்கச்சி. புதுசு ஒண்ணு இருந்தா எடுத்துக்கினு வா."

தங்கச்சி! திலகாவுக்குக் கால் தரையில் பாவவில்லை. கறிக்குப் பிழிய வைத்திருந்த எலுமிச்சம்பழத்தை எடுத்துக்கொண்டு ஓடி வந்தாள்.

ஜான் அதை வாங்கி, பின்காலுக்கு முன்னால், தரையில் அவரே வைத்தார். "மச்சான், நீங்க அந்தப் பக்கம் வாங்க. ஷாரோன், முன்னால இழு. தள்ளும்போது எல்லாரும் சேந்து தள்ளணும்."

ஜான் தோளையும் நெற்றியையும் மிஷின் முதுகில் முட்டுக் கொடுத்தார். வேதகிரி லுங்கியை மறுபடி மடித்துக் கட்டினார். "ஏலே... ஐலசா!" என்றார் வேதகிரி. "அல்லேலூயா!" என்றார் ஜான். மிஷின் ஒரு தடவை முனகிவிட்டு நகர்ந்தது. பின்கால் பழத்தின் மேல் ஏறியது. பச்சக்!

சாறு தெறித்து வசந்த்குமார் கண்ணில் விழுந்தது. "அய்யோ, எரியுதே!" என்று அவன் குதித்ததில், ஷாரோன் சிரித்துச் சிரித்துத் தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"சொல்லியிருக்கலாம் இல்ல அத்தை?" என்றாள் சிரிப்பின் நடுவே. "இது அப்பப்ப கத்தும். அப்பா குடுத்த பொருளு மட்டம்னு நீங்க நெனச்சிடுவீங்கன்னு, உங்களுக்குத் தெரியாம எடுத்துக் கையாலயே புழிஞ்சிக்கினு இருந்தேன்."

"அடிப்பாவிப் பொண்ணே!" என்று திலகா அவளை இழுத்து அணைத்துக்கொண்டாள். மாமியார் ஒரு பக்கம் ஒளித்திருக்கிறாள், மருமகள் ஒரு பக்கம் ஒளித்திருக்கிறாள். நடுவில் பாவப்பட்ட மிஷின் தொண்டை கிழியக் கத்தியிருக்கிறது!

நசுங்கிய பழத்தோலைத் துடைத்து எடுத்து, ஜான் நாலு காலையும் திருகிச் சமமாக்கினார். வசந்த்குமார் ஒற்றைக் கண்ணோடு பட்டனை அமுக்கினான். மிஷின் சுற்ற ஆரம்பித்தது. மெதுவாக, பிறகு வேகமாக, பிறகு உய்யென்று. எல்லோரும் அடுத்த பீப்புக்காகக் காதைக் கொடுத்துக்கொண்டு நின்றார்கள். டமடம இல்லை. பீப் இல்லை. கடைசியில் அது ஒரு சின்னப் பாட்டுப் பாடி நின்றபோது வேதகிரி கை தட்டினார். மூடியைத் திறந்து, லேசான ஈரத்தோடு வந்த வெள்ளை வேட்டியை லுங்கிக்கு மேலேயே சுற்றிக் கட்டிக்கொண்டு, அப்போதுதான் பார்க்கிற மாதிரி ஜானை மறுபடி கும்பிட்டார். "வாங்க சம்மந்தி!"

ஜான் மறுபடி சுவரில் சாய்ந்து சிரித்தார்.

"பத்து நிமிசம்னு சொன்னீங்க."

குரல் கேட்டு எல்லோரும் திரும்பினார்கள். தெருவாசலில் இருந்து பார்த்தால் பின்பக்கம் நேராகத் தெரிகிற வீடு அது. வாசற்படிக்கு வெளியே, மழைக்கு முந்தானையைத் தலையில் போட்டுக்கொண்டு, சுகிர்தா நின்றிருந்தாள்.

"உங்க சிரிப்பு வண்டி வரைக்கும் கேக்குது" என்றாள் கணவனிடம். "நம்ப வூட்ல நீங்க இப்பிடிச் சிரிச்சி எத்தினி நாளாச்சி..." அவள் குரல் இறங்கியது. பிறகு கண்ணைச் சுருக்கிப் பார்த்தாள். "இன்னாங்க அது, உங்க நெத்தியில?"

ஜான் நெற்றியைத் தடவினார். விரல் சிவந்தது. மிஷின் முதுகில் இருந்த குங்குமம் மூப்பர் நெற்றிக்கு அப்படியே இடம் மாறியிருந்தது.

திலகா தலையில் கை வைத்துக்கொண்டாள். எல்லாம் கூடி வந்த நேரத்தில் இப்படியா!

ஜான் வாசல் வரை நடந்து போய், "நான் சொல்றேன் சுகிர்தா" என்று ஆரம்பித்தார். அவள் கேட்கவில்லை. தலையில் போட்டிருந்த முந்தானையை எடுத்து அவர் நெற்றியைத் துடைத்தாள். அழுத்தித் துடைத்தாள். அது போகாமல் இன்னும் பரவியது. உதட்டைக் கடித்துக்கொண்டு பார்த்தாள். எவ்வளவு அடக்கியும் வாயோரம் ஒரு சிரிப்பு கழன்று விழுந்தது.

"மூப்பரு!" என்றாள்.

"அம்மா" என்றாள் ஷாரோன்.

சுகிர்தா மகளை மேலும் கீழும் பார்த்தாள். கையை நீட்டி அவள் கன்னத்தில் ஒட்டியிருந்த வெங்காயத் தோலை எடுத்துப் போட்டாள். பிறகு தலையை நிமிர்த்தி உள்ளே பார்த்தாள்.

"மாப்ள எங்க?"

வசந்த்குமார் தனக்குப் பின்னால் திரும்பிப் பார்த்தான். வேறு யாராவது வந்திருக்கிறார்களோ என்று. கல்யாணம் ஆன நாளிலிருந்து அந்தம்மா வாயில் அவன் 'அந்தப் பையன்'தான். திலகா அவன் முதுகில் கை வைத்துத் தள்ளினாள்.

"நீங்கதான்" என்றாள் சுகிர்தா. "உங்ககிட்ட ஒண்ணு கேக்கணும். நீங்க சொல்ற பதிலப் பாத்துட்டுத்தான் இந்த வூட்ல சாப்பாட்டுல கைய வெப்பேன்."

வசந்த்குமார் எரிகிற கண்ணைத் துடைத்துக்கொண்டு முன்னால் வந்தான்.

"கேளுங்க... அத்தை."

சுகிர்தா செருப்பைக் கழற்றி வைத்துவிட்டுப் படியேறி உள்ளே வந்தாள். பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து, பக்கத்து நாற்காலியை அவனுக்காக இழுத்துப் போட்டாள். அவள் கேட்டது என்ன என்பதை அடுத்த வாரம் சொல்கிறேன்.